அடிவயிற்றுக் குழாயும் இல்லற வாழ்வும்

 

குடும்ப நலம் என்று சொன்னவுடன் பலருக்கும் நினைவுக்கு வருவது கருத்தடை முறைகள், கர்ப்பிணிகளுக்குப் போடும் ஊசி, குழந்தைகளுக்குக் கொடுக்கும் சொட்டு மருந்து ஆகியவைதான். வீட்டில் ஒருவர் நெடுநாள் உடல்நலக் குறைவோடு இருக்கும்போது, கணவனும் மனைவியும் ஒருவருக்கொருவர் எப்படித் துணை நிற்கிறார்கள் என்பதும் குடும்ப நலத்தைச் சேர்ந்ததுதான். அந்த வகையில், பலரும் வெளியே சொல்லக் கூச்சப்படும் ஒரு விஷயத்தை இன்று பேசப் போகிறோம். சிறுநீர் வெளியேறுவதற்காக அடிவயிற்றில் துளையிட்டுக் குழாய் வைத்திருப்பவர்களைப் பற்றிய பேச்சு இது.

"நம்ம ஊரில் அப்படி யார் இருக்கிறார்கள்?" என்று நீங்கள் கேட்கலாம். இருக்கிறார்கள். வேட்டிக்குள்ளும் சேலைக்குள்ளும் மறைந்திருப்பதால் நமக்குத் தெரிவதில்லை. பனையிலோ தென்னையிலோ இருந்து விழுந்து முதுகெலும்பு அடிபட்டவர்கள் உண்டு. சாலை விபத்தில் இடுப்பெலும்பு முறிந்து சிறுநீர்ப் பாதை அறுந்தவர்கள் உண்டு. சிறுநீர்ப் பாதை சுருங்கிப் போனவர்கள், பிராஸ்டேட் சுரப்பி வீங்கி, ஆபரேஷன் தாங்காத வயதில் இருப்பவர்கள், நரம்பு நோயால் சிறுநீர் கழிக்க முடியாத பெண்கள், இவர்களில் பலருக்கு இந்தக் குழாய் வைக்கப்படுகிறது. சிலருக்குச் சில வாரங்கள். சிலருக்கு ஆயுள் முழுவதும்.

குழாய் எங்கே இருக்கிறது?

நம் சிறுநீரகங்கள் இரண்டும் இரவு பகல் பாராமல் இரத்தத்தைச் சுத்தம் செய்து சிறுநீரை இறக்குகின்றன. அது சேர்ந்து நிற்கும் இடம் சிறுநீர்ப்பை. ஏறத்தாழ 400 முதல் 500 மில்லி வரை அதில் கொள்ளும். நிரம்பியதும் மூளைக்குச் செய்தி போகிறது, நாமும் எழுந்து போகிறோம். நரம்பு அறுந்தால் செய்தி போகாது. பாதை அடைத்தால் நீர் போகாது. நீர் தேங்கினால் கிருமி பெருகும், கல் உண்டாகும், நாளடைவில் சிறுநீரகமே கெடும்.

இதைத் தடுக்கத்தான் குழாய். தொப்புளுக்குக் கீழே, இடுப்பெலும்புக்குச் சற்று மேலே, டாக்டர் ஒரு சிறு துளையிட்டு நேராகச் சிறுநீர்ப்பைக்குள் குழாயைச் செலுத்துகிறார். உள்ளே போன நுனியில் ஒரு சிறு பலூன் இருக்கிறது. அதில் சுத்தமான நீரை ஏற்றினால் குழாய் வெளியே வராமல் நிற்கும். இந்தப் பலூன் குழாயை 1930-களில் உருவாக்கியவர் பிரெடெரிக் ஃபோலி என்ற அமெரிக்க டாக்டர். அதனால்தான் மருந்துச் சீட்டில் ‘ஃபோலி கதீட்டர்’ என்று எழுதுகிறார்கள். ஒரு பெரியவர் அந்தச் சீட்டைப் படித்துவிட்டு, "போலிக் குழாய் நமக்கெதுக்கு? நல்லதா ஒண்ணு எழுதிக் கொடுங்க" என்று டாக்டரிடம் கேட்டாராம். அது போலி அல்ல, அசல்தான்.

இரண்டாம் உலகப் போருக்கு முன்பு, முதுகெலும்பு அடிபட்டவர்களில் பெரும்பாலோர் சிறுநீர்த் தொற்றாலும் படுக்கைப் புண்ணாலும் சீக்கிரமே இறந்து போனார்கள். 1944-இல் இங்கிலாந்தில் ஸ்டோக் மாண்டவில் மருத்துவமனையில் டாக்டர் லுட்விக் குட்மன் தனிப் பிரிவு தொடங்கி, சிறுநீரையும் தோலையும் நாள் தவறாமல் கவனித்தால் இவர்கள் பல்லாண்டு வாழலாம் என்று காட்டினார். நம் வேலூரில் டாக்டர் மேரி வர்கீஸ் 1954-இல் விபத்தில் இரு கால்களும் செயலிழந்த பிறகும், சக்கர நாற்காலியில் அமர்ந்தபடியே தொழுநோயாளிகளின் கைகளுக்கு அறுவைச் சிகிச்சை செய்தார். அவர் முயற்சியால் 1966-இல் அங்கே மறுவாழ்வு நிலையம் ஏற்பட்டது. அடிபட்டதோடு வாழ்க்கை முடிந்துவிட்டது என்று எண்ணுவது தவறு.

தண்ணீரைக் குறைக்காதீர்கள்

குழாய் வைத்தவர்கள் முதலில் செய்யும் தவறு தண்ணீர் குடிப்பதைக் குறைப்பது. "அடிக்கடி பை நிரம்புது, மனைவிக்குத் தொந்தரவு" என்று எண்ணி வாயைக் கட்டிக் கொள்கிறார்கள். இதனால் சிறுநீர் கெட்டியாகிறது. உப்பும் சளி போன்ற கசடும் படிந்து குழாய் அடைக்கிறது. டாக்டர் வேறு விதமாகச் சொல்லாவிட்டால் ஒரு நாளைக்கு 2 முதல் 3 லிட்டர் வரை நீர் ஆகாரம் வேண்டும். தண்ணீர், மோர், நீராகாரம், கஞ்சி எல்லாம் இந்தக் கணக்கில் சேரும். வெயிலில் வேலை செய்பவருக்கு இன்னும் அதிகம் தேவை. இருதய நோயோ சிறுநீரக நோயோ உள்ளவர்கள் மட்டும் அளவை டாக்டரிடம் கேட்டுக் கொள்ள வேண்டும்.

மலச்சிக்கலும் கூடாது. குடலில் மலம் இறுகி நின்றால் அது பக்கத்திலுள்ள சிறுநீர்ப்பையை அழுத்தும், குழாயையும் நெருக்கும். கீரை, வாழைப்பழம், கேழ்வரகு, பயறு ஆகியவற்றைச் சாப்பாட்டில் சேருங்கள்.

பை எப்போதும் கீழே

தண்ணீர் மேட்டுக்கு ஏறாது என்பது உழவருக்கு நாம் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. பை எப்போதும் சிறுநீர்ப்பைக்குக் கீழே இருக்க வேண்டும். மேலே தூக்கினால் பையிலுள்ள பழைய நீர் கிருமியோடு உள்ளே திரும்பும். கட்டிலிலிருந்து நாற்காலிக்குத் தூக்கி வைக்கும்போது பையை வயிற்றின் மேல் போட்டுவிட்டுத் தூக்குவது பல வீடுகளில் நடக்கிறது. அப்படிச் செய்யக் கூடாது. முதலில் பையைக் காலி செய்யுங்கள், பிறகு தூக்குங்கள்.

தரையில் பாய் விரித்துப் படுத்தால் பை கீழே தொங்க இடமிருக்காது. ஆகவே நார்க் கட்டிலோ பெஞ்சோ, உயரமாக ஏதாவது ஒன்று அவசியம். பையைக் கட்டில் சட்டத்தில் கொக்கி மாட்டித் தொங்க விடுங்கள். தரையில் படக் கூடாது. கட்டில் தாழ்வாக இருந்தால் பையைக் கழுவிய பேசினில் வையுங்கள்.

குழாய் மடங்கியிருக்கிறதா, உடம்புக்கு அடியில் நசுங்கியிருக்கிறதா என்று அடிக்கடி பாருங்கள். அரைஞாண் கயிறு, வேட்டி முடிச்சு, பாவாடை நாடா, இவை துளையின் மேலோ குழாயின் மேலோ அழுத்தக் கூடாது. குழாயைச் சற்றுத் தளர்வாக விட்டு, வயிற்றில் பிளாஸ்திரியால் ஒட்டி வைத்தால் இழுபடாது.

பை பாதிக்கு மேல் நிரம்பியதும் காலி செய்யுங்கள். முழுவதும் நிரம்ப விட்டால் அதன் பாரமே குழாயை இழுக்கும். பகலில் நடமாடுபவர்கள் தொடையிலோ கெண்டைக்காலிலோ கட்டும் சிறிய பையை வைத்துக் கொண்டு, இரவில் அதோடு பெரிய பையை இணைக்கலாம். பையை எத்தனை நாளுக்கொரு முறை மாற்ற வேண்டும் என்று செவிலியர் சொல்வார். காலில் கட்டும் பையை வழக்கமாக 5 முதல் 7 நாட்களுக்குள் மாற்றுவார்கள். காரணமில்லாமல் குழாயையும் பையையும் அடிக்கடி கழற்றி மாட்டாதீர்கள். கழற்றும் ஒவ்வொரு முறையும் கிருமிக்குக் கதவு திறக்கிறோம்.

கை சுத்தம், துளை சுத்தம்

பையைத் தொடும் முன்பும் தொட்ட பின்பும் சோப்புப் போட்டுக் கை கழுவ வேண்டும். இதற்கு மாற்றே கிடையாது. காலி செய்யத் தனியாக ஒரு குவளை வைத்துக் கொள்ளுங்கள். குளிக்கிற குவளையை இதற்கு எடுக்கக் கூடாது.

துளை ஆறிய பிறகு தினமும் சோப்பும் சுத்தமான தண்ணீரும் கொண்டு அந்த இடத்தைக் கழுவி, மெல்லிய துணியால் ஒற்றி எடுத்தால் போதும். துளையிலிருந்து வெளிப்பக்கமாகத் துடையுங்கள். பவுடர், மஞ்சள், வேப்பிலை, தேங்காயெண்ணெய், சாம்பல் எதுவும் போட வேண்டாம். வாளித் தண்ணீரில் தாராளமாகக் குளிக்கலாம். குளத்திலும் கால்வாயிலும் முங்கிக் குளிப்பதை விட்டுவிடுங்கள்.

சிறுநீர் கொஞ்சம் கலங்கலாக வந்தாலோ வாசனை வந்தாலோ உடனே கடையில் மாத்திரை வாங்கிப் போடக் கூடாது. குழாய் வைத்திருப்பவரின் சிறுநீரில் நாளடைவில் கிருமி குடியேறுவது சகஜம். காய்ச்சல், நடுக்கம், வலி எதுவும் இல்லாதபோது அதற்கு மருந்து தேவையில்லை. வீணாகப் போட்டால், நிஜமாகத் தேவைப்படும் நாளில் அந்த மருந்து வேலை செய்யாது.

சிலருக்குப் பை ஊதா நிறமாக மாறுவதுண்டு. ஒரு கிராமத்தில் இதைச் செய்வினை என்று சொல்லி மந்திரிக்கவும் போய்விட்டார்கள். சில வகைக் கிருமிகள் உண்டாக்கும் சாயம்தான் அது. மலச்சிக்கல் உள்ளவர்களுக்கு அதிகம் வரும். பயப்பட வேண்டாம். செவிலியரிடம் காட்டுங்கள்.

மாற்றும் தேதி தவறக் கூடாது

குழாயின் வகையைப் பொறுத்து 4 வாரம் முதல் 12 வாரத்துக்குள் அதை மாற்றியாக வேண்டும். இரப்பர் வகை என்றால் சீக்கிரம். முழு சிலிக்கான் வகை என்றால் அதிக நாள் தாங்கும். முதல் தடவை மாற்றுவது மருத்துவமனையில்தான் நடக்க வேண்டும். அதன் பிறகு பயிற்சி பெற்ற செவிலியர் மாற்றலாம். தேதியை நாள்காட்டியில் குறித்து வையுங்கள். "நல்லாத்தானே ஓடுது, அடுத்த மாசம் பார்த்துக்கலாம்" என்று தள்ளிப் போட்டால் பலூனில் உப்புப் படிந்து, எடுக்கும்போது வலியும் இரத்தமும் வரும். அதே அளவுள்ள குழாய் ஒன்று எப்போதும் வீட்டில் இருக்கட்டும். நடக்க முடியாதவர்கள், 2021 ஆகஸ்டில் கிருஷ்ணகிரி மாவட்டத்தில் தொடங்கப்பட்ட ‘மக்களைத் தேடி மருத்துவம்’ திட்டத்தின் கீழ் வீட்டுக்கு வந்து கவனிக்கும் வசதி பற்றி ஆரம்ப சுகாதார நிலையத்தில் கேளுங்கள்.

விடியட்டும் என்று காத்திருக்கக் கூடாதவை

1. குழாய் வெளியே வந்துவிட்டால்: துளை மிக விரைவில், ஒரு மணி நேரத்துக்குள்கூட, சுருங்கி மூடத் தொடங்கும். வந்த குழாயை நீங்களே திரும்பச் சொருகாதீர்கள். சுத்தமான துணியை வைத்து மூடி, வீட்டிலுள்ள புதுக் குழாயையும் எடுத்துக் கொண்டு உடனே மருத்துவமனைக்குப் புறப்படுங்கள்.

2. சிறுநீர் வராமல் நின்றுவிட்டால்: மடிப்பு இருக்கிறதா, பை கீழே இருக்கிறதா என்று பாருங்கள். சரி செய்தும் வராமல் அடிவயிறு உப்பினாலோ, வலித்தாலோ, துளையைச் சுற்றி ஒழுகினாலோ குழாய் அடைத்திருக்கிறது என்று பொருள்.

3. குளிரோடு காய்ச்சல், விலாவில் வலி, மனக் குழப்பம், கட்டி கட்டியாக இரத்தம் ஆகியவை வந்தால் உடனே போங்கள். குழாய் மாற்றிய அன்று இலேசாகச் சிவந்து வருவது உண்டு. மற்ற நாளில் இரத்தம் வந்தால் கண்டிப்பாக டாக்டர் பார்க்க வேண்டும்.

4. கழுத்திலோ மேல் முதுகிலோ அடிபட்டவருக்குத் திடீரென்று மண்டை பிளக்கும் தலைவலி, முகம் சிவத்தல், வியர்வை வந்தால்: குழாய் அடைத்ததால் இரத்த அழுத்தம் தாறுமாறாக ஏறுகிறது. அவரைப் படுக்க விடாமல் உட்கார வையுங்கள். இறுக்கமான துணியைத் தளர்த்துங்கள். குழாயில் மடிப்பை எடுங்கள். 108-க்குச் சொல்லுங்கள். இது உயிருக்கு ஆபத்து.

கணவனும் மனைவியும்

இனி நம் பேச்சின் முக்கியமான பகுதிக்கு வருகிறேன். குழாய் வைத்துக் கொண்டு வீட்டுக்கு வந்த அன்றே பல கணவன்மார்கள் கட்டிலைத் திண்ணைக்கு மாற்றிக் கொள்கிறார்கள். "நாத்தம் அடிக்கும், அவள் தூங்கட்டும்" என்பது வெளியே சொல்லும் காரணம். உள்ளே இருப்பது வெட்கம். மனைவியோ, "நான் தொட்டால் குழாய் கழன்றுவிடுமோ" என்று பயந்து எட்டியே நிற்கிறாள். இருவரும் ஒருவரையொருவர் வெறுக்கவில்லை. இருவரும் பேசவில்லை, அவ்வளவுதான். இப்படியே ஆண்டுக் கணக்கில் ஒரே வீட்டில் இரண்டு பேராக வாழ்ந்தவர்களைப் பார்த்திருக்கிறேன்.

மூடிய பையிலிருந்து நாற்றம் வராது. வந்தால் எங்கோ ஒழுகுகிறது, அல்லது பை மாற்ற நாளாகிவிட்டது. சரி செய்யக் கூடிய விஷயம் அது.

தாம்பத்திய உறவுக்கும் இந்தக் குழாய் தடையில்லை. சிறுநீர்ப் பாதையில் வைக்கும் குழாயைவிட அடிவயிற்றுக் குழாயில் உள்ள வசதியே, பிறப்புறுப்பு தடையில்லாமல் இருப்பதுதான். துளை நன்றாக ஆறிய பிறகு, டாக்டரிடம் கேட்டுக் கொண்டு சேரலாம். முன்னதாகப் பையைக் காலி செய்யுங்கள். குழாயை மடங்காமல் வயிற்றில் ஒட்டி வையுங்கள். வயிற்றில் பாரம் விழாதபடி பக்கவாட்டில் படுத்துக் கொள்ளுங்கள். முன்னும் பின்னும் இருவரும் கழுவிச் சுத்தம் செய்து கொள்ளுங்கள். முதுகெலும்பு அடிபட்ட ஆண்களுக்கு விறைப்பில் குறை இருக்கலாம். அதற்கு மருத்துவமனையில் சிகிச்சை உண்டு. லாட்ஜில் அறை எடுத்து உட்காரும் வைத்தியரிடம் பணத்தைக் கொட்டாதீர்கள்.

"குழாய் இருக்கே, இனிமேல் பிள்ளை பிறக்காது" என்று எண்ணிக் கொள்வதும் தவறு. குழாய் கருத்தடைச் சாதனம் அல்ல. குழாய் வைத்திருக்கும் பெண் கருத்தரிக்கலாம். குழாய் வைத்திருக்கும் ஆணும் தந்தையாகலாம். முதுகெலும்பு அடிபட்ட ஆணுக்கு அது சிரமமாக இருந்தால் அதற்கும் மருத்துவ உதவி இருக்கிறது. குழந்தை வேண்டும் என்றால் டாக்டரிடம் இருவரும் சேர்ந்து போங்கள். கர்ப்பமானால் ஆரம்பத்திலேயே பதிவு செய்து குழாய் இருப்பதைச் சொல்லுங்கள். இப்போது வேண்டாம் என்றால் நிரோத், காப்பர்-டி முதலிய முறைகளில் ஏற்றதைத் தேர்ந்தெடுங்கள். நடமாட முடியாத பெண்கள் கருத்தடை மாத்திரையைத் தாமாக வாங்கிச் சாப்பிடக் கூடாது. காலில் இரத்தம் உறையும் அபாயம் அவர்களுக்குக் கூடுதல் என்பதால் டாக்டரைக் கேட்டே தீர வேண்டும்.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். கணவனுக்குக் குழாய் வைத்தால் மனைவி கழுவுகிறாள், காலி செய்கிறாள், இரவில் எழுந்து பார்க்கிறாள். மனைவிக்குக் குழாய் வைத்தால் என்ன நடக்கிறது? "உங்க அம்மா வீட்டில் கொஞ்ச நாள் இருந்து உடம்பைத் தேத்திக்கிட்டு வா" என்று அனுப்பிவிடுகிறார்கள். அந்தக் ‘கொஞ்ச நாள்’ பல வீடுகளில் முடிவதேயில்லை. கழனியில் மடை திறந்து மடை அடைக்கத் தெரிந்த ஆண்களுக்கு, பையின் அடியிலுள்ள சிறு திருகைத் திறந்து மூடக் கஷ்டமா? அரை மணி நேரத்தில் கற்றுக் கொள்ளும் வேலை இது. கல்யாணத்தில் கை பிடித்தது இருவரும்தானே?

கை நன்றாக இயங்குகிறவர்கள் தம் பையைத் தாமே பார்த்துக் கொள்ள வேண்டும். அதுவே அவருக்கு மரியாதை, பார்த்துக் கொள்பவருக்கு ஓய்வு. பார்த்துக் கொள்பவர் ஆணோ பெண்ணோ, வாரத்தில் ஒரு நாளாவது வேறொருவரிடம் பொறுப்பை விட்டுவிட்டுத் தூங்க வேண்டும். வீட்டில் வளர்ந்த பிள்ளைகள் இருந்தால் அவர்களுக்கும் சொல்லிக் கொடுங்கள்.

வேலைக்கும் போகலாம். கடையில் உட்காரலாம், தையல் தைக்கலாம், ஆடு மேய்க்கலாம், கல்யாணம் காட்சிக்குப் போகலாம். பஸ் பயணத்துக்கு முன் பையைக் காலி செய்து, மாற்றுப் பை ஒன்றும் துண்டு ஒன்றும் கையோடு எடுத்துக் கொள்ளுங்கள்.

இந்தப் பிரசுரத்தைப் படிக்கும் உங்கள் வீட்டில் குழாய் இல்லாமல் இருக்கலாம். பக்கத்துத் தெருவில் ஒரு வீட்டில் திண்ணைக் கட்டில் தனியாகக் கிடந்தால், இதை அங்கே கொண்டுபோய்க் கொடுங்கள். குழாய் உள்ள வீட்டாருக்கு ஒரு வேண்டுகோள்: அடுத்த முறை குழாய் மாற்ற வரும்போது கணவனும் மனைவியும் சேர்ந்து வாருங்கள். மாற்றுவதை இருவரும் பாருங்கள். கேட்க வேண்டியதைக் கூச்சப்படாமல் கேளுங்கள். பெண்கள் கிராம சுகாதாரச் செவிலியரிடம் தனியாகவும் கேட்கலாம்.